உஷா உதுப்: பட்டுப்புடவையில் பாப் பாடியவர்

உஷா உதுப் 1947 நவம்பரில் பம்பாயில் பிறந்தார். சென்னையைப் பூர்வீகமாகக் கொண்ட தமிழ்க் குடும்பம். தந்தை வைத்தியநாத் சோமேஸ்வர் சாமி பம்பாய்க் காவல்துறையில் அதிகாரி; வீடு பைகுல்லா பகுதியில். இந்தியாவில் மேடையேறி மேற்கத்தியப் பாட்டுப் பாடிய பெண்கள் அவருக்கு முன்பும் இருந்தார்கள். ஆனால் காஞ்சிபுரப் பட்டு, நெற்றி நிறையப் பொட்டு, கை நிறைய வளையல், தலையில் பூ என்று கல்யாண வீட்டுக்குக் கிளம்பியவர் போல இரவு விடுதிக்குள் நுழைந்து, அங்கே ஆங்கிலப் பாட்டுப் பாடி, அதையே ஐம்பது ஆண்டுகளுக்கும் மேலாகத் தொழிலாக நடத்திக் காட்டியவர் அவர்தான். இந்திய பாப் இசை என்று இன்று சொல்லப்படும் துறைக்கு முதல் செங்கல் எடுத்து வைத்தவர்களின் பெயரை எழுதினால் அதில் இந்தத் தமிழ்ப் பெண்ணின் பெயர் மேலேயே இருக்கும்.

அவர் வளர்ந்த வீட்டில் எல்லாப் பாட்டும் ஒலித்தது. பெற்றோர் மேற்கத்தியச் செவ்வியல் இசையும் கேட்டார்கள். வானொலியில் படே குலாம் அலி கானையும் கிஷோரி அமோன்கரையும் கேட்டார்கள். கர்நாடக இசை தமிழ் வீடு என்பதால் இருக்கவே இருந்தது. அக்காமார் உமா, இந்திரா, மாயா மூவரும் பாடகிகள். சாமி சிஸ்டர்ஸ் என்று பம்பாயில் பெயர் பெற்றவர்கள். அவர்களில் மூத்தவரான உமா போச்சா பம்பாய் நகரைப் பற்றிப் பாடிய 'பாம்பே மேரி ஹை' இன்றைக்கும் அந்த ஊர்க்காரர்கள் மறக்காத பாட்டு. பக்கத்து வீட்டில் இன்னொரு காவல் அதிகாரியின் குடும்பம், பட்டாணியர்கள். அந்த வீட்டுப் பெண்ணின் நட்பில்தான் உஷா இந்தியைச் சரியாகக் கற்றுக்கொண்டார், வடநாட்டுச் செவ்வியல் இசையின் பக்கமும் காதைத் திருப்பினார். பின்னால் அத்தனை மொழிகளில் நாக்குப் புரண்டதற்கு இந்தக் காவலர் குடியிருப்பே பள்ளிக்கூடம்.

உண்மையான பள்ளிக்கூடத்தில் நடந்தது வேறு. பைகுல்லா செயின்ட் ஆக்னஸ் பள்ளியில் பாட்டு வகுப்பிலிருந்து அவரை எடுத்துவிட்டார்கள். குரல் மற்றப் பிள்ளைகளோடு ஒட்டவில்லை என்பது காரணம். ஆனால் தாள உணர்வு இருக்கிறது என்று கண்ட ஆசிரியை, தாளக்கட்டையும் முக்கோண மணியும் கொடுத்து ஓரமாக உட்கார வைத்தார். முறையாக எந்தக் குருவிடமும் அமர்ந்து அவர் பாட்டுப் படிக்கவில்லை. சங்கீதத்தைக் கேள்வி ஞானத்தால் மட்டுமே சேர்த்துக்கொண்டவர்.

முதல் வாய்ப்பு வானொலியில் வந்தது. ஒன்பது வயதில், இலங்கை வானொலியின் ஓவல்டின் இசை நிகழ்ச்சியில் அமீன் சயானி அவரைப் பாட வைத்தார். அன்றைய இலங்கை வானொலியின் செல்வாக்கை இன்றைய தலைமுறைக்குச் சொல்லித்தான் ஆக வேண்டும். 1952இல் இந்தியத் தகவல் ஒலிபரப்பு அமைச்சராக வந்த பி. வி. கேஸ்கர், சினிமாப் பாட்டுக்கு அகில இந்திய வானொலியில் இடமில்லை என்ற போக்கை எடுத்தார். ரசிகர்கள் அப்படியே கொழும்புப் பக்கம் சாய்ந்துவிட்டார்கள். இந்தி, ஆங்கிலம், தமிழ் என்று மூன்று கையாலும் பாட்டை வாரி வீசிய அந்த நிலையத்தில் ஒரு சிறுமியின் குரல் ஒலித்தால் பாதி இந்தியா கேட்டது என்று பொருள்.

அந்தக் குரலைப் பற்றி நின்று பேச வேண்டும், ஏனென்றால் அவருடைய வாழ்க்கைக் கதையே அதுதான். உஷாவுடையது தடித்த, கீழ்ச் சுருதிக் குரல். மேற்கத்திய இசையில் பெண் குரல்களிலேயே மிகத் தாழ்வானதைக் கான்ட்ரால்டோ என்பார்கள், அந்த வகை. 1950, 60களின் இந்தியத் திரையிசையோ லதா மங்கேஷ்கரின் உச்ச ஸ்தாயியை அளவுகோலாக வைத்துக்கொண்ட காலம். கதாநாயகி என்றால் குரல் மெல்லியதாக, மேலே ஏறுவதாக இருக்க வேண்டும். தமிழிலும் இதே கணக்குத்தான்: குடும்பப் பெண்ணுக்கு பி. சுசீலா, கிளப் டான்ஸ் ஆடுபவளுக்கு எல். ஆர். ஈஸ்வரி. 1968இல் 'பணமா பாசமா' படத்தில் 'எலந்தப் பயம்' பாடி ஊரையே ஆட வைத்த பிறகும் ஈஸ்வரியைக் கதாநாயகிக் குரலாக்க யாரும் அவசரப்படவில்லை. இந்தப் பாகுபாட்டின் வேடிக்கை மலேசியத் தமிழர்களுக்கு நன்றாகத் தெரியும். மலாக்காவின் ஜாசின், அலோர் காஜா பக்கத்துத் தோட்டங்களில் வெள்ளித்துணி கட்டிப் படம் காட்டிய நாட்களில் விசில் பறந்தது ஈஸ்வரியின் கிளப் பாட்டுக்கு. அதே தோட்டத்து மாரியம்மன் கோவிலில் ஆடி மாதம் ஒலிபெருக்கியைத் திறந்தால் அம்மன் பாட்டாக வந்ததும் அதே ஈஸ்வரிதான். குரலில் ஒழுக்கம் இருக்கிறதா இல்லையா என்று பார்த்தவர்கள் படக்காரர்கள், கேட்டவர்கள் இல்லை.

உஷாவின் குரல் ஈஸ்வரியின் குரலையும் விடக் கீழே இருந்தது. சினிமாவின் எந்த அறையிலும் அதற்கு நாற்காலி கிடையாது. ஆகவே அவர் சினிமா வாசலில் காத்திருக்காமல் மேடைக்குப் போனார்.

சென்னை மவுண்ட் ரோட்டில் சஃபையர் என்று ஒரு திரையரங்க வளாகம் இருந்தது. அதற்குள் 'நைன் ஜெம்ஸ்' என்ற சிறிய இரவு விடுதி. 1960களின் கடைசியில், இருபதை ஒட்டிய வயதில், உஷா அங்கே புடவை கட்டிக்கொண்டு மேடையேறினார். அன்றைய வழக்கத்தை அறிந்தால்தான் இதன் துணிச்சல் விளங்கும். இரவு விடுதிப் பாடகி என்றால் ஆங்கிலோ இந்தியப் பெண்ணாக இருப்பார், கவுன் அணிந்திருப்பார், வாத்தியக் குழுவோடு ஜாஸ் பாடுவார். புடவை என்பது விடுதிக்கு வரும் கனவான்களின் மனைவிமார் கட்டுவது, அதுவும் தயங்கித் தயங்கி. ஐயர் வீட்டுப் பெண் ஒருத்தி மல்லிகைப் பூவோடு வந்து ஒலிவாங்கியைப் பிடித்து 'ஃபீவர்' போன்ற சூடான அமெரிக்கப் பாட்டைத் தடித்த குரலில் எடுத்துவிட்டால் பார்ப்பவர் என்ன நினைப்பார்? நினைத்தது நல்லதாகவே இருந்தது. விடுதி உரிமையாளர் ஒரு வாரம் தங்கிப் பாடச் சொன்னார்.

புடவை ஒரு உத்தியா என்று அவரிடம் பிற்காலத்தில் பலரும் கேட்டிருக்கிறார்கள். வீட்டில் கட்டிக்கொண்டிருந்தது அதுதான், அதனால் அதையே கட்டினேன் என்பதுதான் அவர் எப்போதும் சொல்லும் பதில். நம்பலாம். ஆனால் உத்தியாக எண்ணாமல் செய்ததே அவருடைய மிகப் பெரிய உத்தியாகிவிட்டது என்பதும் உண்மை. விடுதிக்குக் குடும்பத்தோடு வரத் தயங்கியவர்களுக்கு, மேடையில் நிற்பவரைப் பார்த்ததும் தயக்கம் போனது. ஆடை குறைத்தும் இடுப்பசைத்தும் சம்பாதிக்க வேண்டிய கவனத்தை அவர் பேச்சாலும் கைதட்டலாலும் சம்பாதித்தார். பாட்டுக்கு நடுவே பேசுவார், முன்வரிசைக்காரரைப் பெயர் கேட்டு வம்புக்கு இழுப்பார், பல்லவியைக் கூட்டத்திடம் கொடுத்துப் பாட வைப்பார். ஒலித்தட்டில் பதிய முடியாத திறமை இது. மேடைக் கலைஞர்களில் பலர் வரலாற்றில் மெலிந்து தெரிவதற்கும் இதுவே காரணம்.

சென்னைக்கும் பம்பாய்க்கும் பிறகு 1969இல் கல்கத்தா. பார்க் தெருவில் இருந்த டிரிங்காஸ் உணவகத்தில் பாட அழைப்பு வந்தது. பார்க் தெரு அப்போது கிழக்கு இந்தியாவின் இசைத் தெரு. ப்ளூ ஃபாக்ஸ், மொகாம்போ, டிரிங்காஸ் என்று வரிசையாக விடுதிகள். ஒவ்வொன்றிலும் இரவெல்லாம் இசைக்குழு. ஜாஸ் பாடகி பாம் கிரெய்ன் ஆண்ட இடம். அங்கே போன உஷாவுக்கு ஊரும் பிடித்துப்போனது, ஊருக்கும் அவரைப் பிடித்துப்போனது. கேரளத்தைச் சேர்ந்த ஜானி சாக்கோ உதுப்பை அவர் சந்தித்ததும் டிரிங்காஸில்தான். அதுவரை உஷா ஐயர் என்ற பெயரில் பாடிக்கொண்டிருந்தவர் திருமணத்துக்குப் பின் உஷா உதுப் ஆனார். இடையில் கொச்சியில் சில காலம் இருந்தாலும், நிலையாகத் தங்கிவிட்டது கல்கத்தாவில். பம்பாயில் பிறந்த தமிழ்ப் பெண், மலையாளி வீட்டு மருமகள், வங்காளத் தலைநகரின் செல்லப்பிள்ளை. நெற்றிப் பொட்டில் வங்காள எழுத்தான 'க'வைப் பதித்துக்கொள்வது அந்த ஊர்ப் பாசத்தால்தான்.

ஆரம்ப ஒலித்தட்டுகள் ஆங்கிலத்தில் வந்தன. 'ஜம்பலாயா', 'கிரீன்பேக் டாலர்' முதலிய அமெரிக்கப் பாட்டுகளை அவர் பாடிய தட்டுகள் இந்தியாவில் நன்றாக விற்றன. 1970இல் மெர்ச்சண்ட் ஐவரி நிறுவனத்தின் 'பாம்பே டாக்கி' படத்தில் சங்கர் ஜெய்கிஷன் இசையில் பாடினார். பட அட்டையில் உஷா ஐயர் என்ற பெயரே இருக்கும்.

டெல்லியில் ஓபராய் விடுதியில் பாடிக்கொண்டிருந்தபோது கேட்க வந்தவர்களில் ஒருவர் தேவ் ஆனந்த். 'ஹரே ராமா ஹரே கிருஷ்ணா' படத்துக்கு அழைத்தார். 1971இல் வந்த அந்தப் படம் நேபாளத்து ஹிப்பிக் கூட்டத்தைப் பற்றியது, இசை ஆர். டி. பர்மன். அதில் பெரும்புகழ் பெற்ற 'தம் மாரோ தம்' பாட்டில் தனக்குப் பங்கு இருப்பதாகத்தான் முதலில் பேச்சு என்றும், கடைசியில் அது ஆஷா போஸ்லேவுக்குப் போய்விட்டது என்றும், தனக்கு ஆங்கில வரிகள் உள்ள இன்னொரு பாட்டு கிடைத்தது என்றும் உஷா பேட்டிகளில் சிரித்துக்கொண்டே சொல்லியிருக்கிறார். போனதற்கு அழவில்லை, கிடைத்ததைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன் என்ற தொனி. திரைத்துறையோடு அவருக்கு இருந்த உறவு பின்னாளிலும் இப்படித்தான் இருந்தது. அதை நம்பிப் பிழைக்கவில்லை. அதனால் அது கைவிட்ட ஆண்டுகளில் காணாமலும் போகவில்லை.

ஆப்பிரிக்கப் பயணம் தனிக் கதை. இந்திய விழா ஒன்றுக்காக நைரோபிக்குப் போனவர், கூட்டம் விடாததால் மீண்டும் மீண்டும் போனார். சுவாஹிலி மொழியில் பாடினார், தேசப்பற்றுப் பாட்டுகள் உட்பட. கென்யாவின் விடுதலைத் தலைவரும் முதல் அதிபருமான ஜோமோ கென்யாட்டா அவருக்குக் கௌரவக் குடியுரிமை வழங்கினார். கிழக்கு ஆப்பிரிக்காவின் புகழ்பெற்ற காதல் பாட்டான 'மலைக்கா'வை, அதை முதலில் பதிவு செய்த ஃபாதிலி வில்லியமோடு சேர்ந்தே பாடினார். நைரோபி மேடையில் பதிவான தட்டு ஒன்றும் வெளிவந்தது. இந்தியப் பாடகர்கள் வெளிநாட்டுக்குப் போவது அங்குள்ள இந்தியர்களுக்காகப் பாடத்தான் என்று இருந்த நாளில், அந்த நாட்டுக்காரர்களின் மொழியில் அவர்களுக்கே பாடிவிட்டு வந்தவர் இவர்.

மலாக்காவில் இருப்பவர்களுக்கு இது அவ்வளவு வியப்பாகத் தோன்றாது. காஜா பேராங்கில் வாழும், தமிழ் வழிவந்த மலாக்கா செட்டிகள் மலாய் பேசத் தொடங்கிப் பல தலைமுறைகள் ஆகின்றன. சாமி கும்பிடுவது 1781இல் எழுந்த பொய்யாத விநாயகர் கோவிலில். விழா நாளில் பாடுவது டொண்டாங் சாயாங், அதுவும் மலாய்ப் பந்துன் கட்டி. மலாய்க்காரர், பாபா ஞோஞா, போர்த்துகீசியர், செட்டி ஆகிய நான்கு சமூகத்தாரும் பாடும் அந்தக் கலையை 2018இல் யுனெஸ்கோ தன் பட்டியலில் சேர்த்தது. உஷா கல்கத்தாவில் வேர் விட்டுக்கொண்டிருந்த அதே காலத்தில் பினாங்கில் டேவிட் ஆறுமுகம், லோகநாதன் ஆறுமுகம் என்ற இரு தமிழ்ச் சகோதரர்கள் 'அலிகேட்ஸ்' குழுவை வளர்த்துக்கொண்டிருந்தார்கள். 1970களின் இறுதியிலிருந்து மலாய் பாப் இசையில் அவர்கள் பெயரைச் சொல்லாமல் பேச முடியாத நிலை வந்தது. பிறர் மொழியில் பாடிப் பிறர் மனத்தில் இடம் பிடிப்பது மலேசியத் தமிழனுக்கும் கைவந்த கலைதான். உஷாவின் தனித்தன்மை எண்ணிக்கையில் இருக்கிறது: பதினைந்துக்கும் மேற்பட்ட இந்திய மொழிகள், அவற்றோடு சில அயல்நாட்டு மொழிகள்.

திரையிசையில் அவருடைய பொற்காலம் டிஸ்கோவோடு வந்தது. 1978இல் 'ஷாலிமார்' படத்தின் 'ஒன் டூ சா சா சா' முன்னோட்டம். 1980இல் ரமேஷ் சிப்பியின் 'ஷான்' படத்தில் பெயர்கள் ஓடும்போது ஒலிக்கும் பாட்டு அவருடையது, இரண்டுக்கும் ஆர். டி. பர்மன் இசை. அதே ஆண்டு 'பியாரா துஷ்மன்' படத்தில் 'ஹரி ஓம் ஹரி', 1981இல் 'அர்மான்' படத்தில் 'ரம்பா ஹோ', 1982இல் 'டிஸ்கோ டான்சர்' படத்தில் 'கோயி யஹான் ஆஹா நாச்சே நாச்சே'. இந்த மூன்றுக்கும் இசை பப்பி லஹிரி. பப்பியின் கை எங்கெங்கே நீண்டது என்பதும் ஊரறிந்த செய்தி. 'ஹரி ஓம் ஹரி'யின் மெட்டு, எரப்ஷன் குழுவின் 'ஒன் வே டிக்கெட்' பாட்டிலிருந்து வந்தது; 'டிஸ்கோ டான்சர்' பாட்டு, பகிள்ஸ் குழுவின் 'வீடியோ கில்ட் தி ரேடியோ ஸ்டார்' பாட்டிலிருந்து. மெட்டு கடன்தான், ஆனால் உஷா பாடினால் கடன் வாங்கியது போல இருக்காது. ஆங்கில மூலத்தைக் கேட்டுவிட்டு 'ஹரி ஓம் ஹரி'யைக் கேட்டுப் பாருங்கள்: மூலத்தில் கவலையாக இருக்கும் வரி இங்கே திருவிழாவாகிவிடும். 'டிஸ்கோ டான்சர்' சோவியத் ஒன்றியம் வரை போய்க் கோடிக்கணக்கானவர்களை ஆட வைத்தது. மலேசியாவிலும் இந்திப் பட மோகம் உச்சத்தில் இருந்த நாட்கள் அவை. மலாய்க்கார அண்டை வீட்டாரும் இந்திப் பாட்டை முணுமுணுத்தார்கள். அந்த டிஸ்கோ பாட்டுகளில் ஒலித்த பெண் குரல் ஒரு தமிழச்சியுடையது என்பது நம்மவர்கள் பலருக்கே தெரியாது.

இங்கே இன்னொரு பெயரைச் சொல்லாமல் நகர முடியாது: நாசியா ஹசன். கராச்சியில் 1965இல் பிறந்து லண்டனில் வளர்ந்த இந்தப் பெண், 1980இல் வெளியான 'குர்பானி' படத்தில் 'ஆப் ஜைசா கோயி' பாடியபோது வயது பதினைந்து. இசையமைத்தவர் பெங்களூரில் பிறந்து லண்டனில் பெயர் எடுத்த பித்து. 1974இல் உலகைக் கலக்கிய 'குங் ஃபூ ஃபைட்டிங்' பாட்டின் தயாரிப்பாளர். அந்த ஒரு பாட்டுக்கு நாசியா ஃபிலிம்ஃபேர் விருது பெற்றார். 1981இல் தம்பி சோஹேபுடன் சேர்ந்து வெளியிட்ட 'டிஸ்கோ தீவானே' தொகுப்பு இந்தியா, பாகிஸ்தான் இரண்டிலும் விற்றுத் தீர்ந்தது. உருது பாப் என்ற ஒன்று அதற்குப் பிறகுதான் சந்தைக்கு வந்தது. 2000 ஆகஸ்டில், முப்பத்தைந்தே வயதில், புற்றுநோயால் லண்டனில் காலமானார்.

உஷாவையும் நாசியாவையும் ஒரே மூச்சில் பேசுவது வழக்கம். ஆனால் இருவரும் வந்த பாதைகள் எதிரெதிரானவை. நாசியா ஒலிப்பதிவுக் கூடத்தின் பிள்ளை. பல தடங்களில் பதிந்து, குரல் மேல் குரல் அடுக்கி, பதின்வயதுப் பெண்ணின் மெல்லிய குரலை மின்னொலிக்கு நடுவே மிதக்க விட்டவர் பித்து. கேசட் இல்லாவிட்டால் அந்தப் புகழ் அத்தனை வேகமாகப் பரவியிருக்காது. உஷாவோ கேசட்டுக்கு முந்தியவர். கூடத்தில் வெட்டி ஒட்டித் திருத்த எதுவும் அவருக்குத் தேவைப்படவில்லை. தேவைப்பட்டது எதிரே ஐம்பது பேர், பின்னால் ஒரு இசைக்குழு. பதிவாகி நிற்கும் படைப்பு என்று பார்த்தால் நாசியாவின் ஐந்து தொகுப்புகள் செறிவானவை. உஷாவின் பதிவுகள் சிதறிக் கிடப்பவை. ஆயினும் ஒரு துறையை நாள்தோறும் சோறு போடும் தொழிலாக ஆக்கிக் காட்டியவர் உஷாதான். பாப் பாடி வீட்டு வாடகை கட்ட முடியும் என்று பின்வந்த பெண்களுக்குத் தெரிந்தது அவரைப் பார்த்து.

எல்லோரும் கைதட்டிக்கொண்டே இருந்துவிடவில்லை. 1980களின் முற்பகுதியில் மேற்கு வங்க இடதுசாரி அரசில் பொதுப்பணித்துறை அமைச்சராக இருந்த ஜதின் சக்ரவர்த்தி, உஷாவின் பாட்டு 'அபசம்ஸ்க்ருதி', அதாவது பண்பாட்டைக் கெடுப்பது என்று முத்திரை குத்தினார். அரசு அரங்குகளின் கதவுகள் அவருக்கு மூடப்பட்டன. உஷா கல்கத்தா உயர் நீதிமன்றத்துக்குப் போனார், வழக்கில் வென்றார். விசித்திரம் என்னவென்றால், முழுப் புடவையும் பொட்டுமாக நிற்கும் பெண்ணைப் பண்பாட்டைக் கெடுப்பவள் என்று சொல்ல வேண்டியிருந்ததுதான். உடையில் குறை சொல்ல வழியில்லாததால் தாளத்தின் மேல் பழி போட வேண்டியதாயிற்று. அதற்கு முன்பே வரிச்சுமையும் அரசியல் கொந்தளிப்பும் சேர்ந்து பார்க் தெருவின் இசையை அடக்கத் தொடங்கியிருந்தன. ஒவ்வொரு விடுதியாக மேடையைக் கலைத்தது. விடுதிகள் போனால் என்ன என்று உஷா கல்லூரி விழா, துர்கா பூஜைப் பந்தல், நிறுவன விருந்து, தர்ம காரியம் என்று இறங்கிவிட்டார். 'வைப்ரேஷன்ஸ்' என்ற பெயரில் கல்கத்தாவில் சொந்த ஒலிப்பதிவுக்கூடமும் வைத்தார். அன்னை தெரசாவோடு நெருங்கிப் பழகி, அவருடைய பணிகளுக்காகப் பாடினார்.

தாய்மொழியில் அவர் பாடியது குறைவே. 1975இல் ஏ. பி. நாகராஜன் எடுத்த 'மேல்நாட்டு மருமகள்' படத்தில் குன்னக்குடி வைத்தியநாதன் இசையில் பாடினார். வயலினில் கர்நாடக இசைக்காரராக அறியப்பட்ட குன்னக்குடி, ஆங்கிலம் கலந்த மேடைப்பாட்டுக்கு உஷாவை அழைத்தது நல்ல பொருத்தம். அதற்குப் பிறகு தமிழர்கள் மனத்தில் நின்றது 1990இல் மணிரத்னத்தின் 'அஞ்சலி'. இளையராஜா இசையில் 'வேகம் வேகம்' என்ற அந்தப் பாட்டு, பிள்ளைகளின் கொண்டாட்டத்துக்கு நடுவே தடித்த பெண் குரலைக் கொண்டு வந்து நிறுத்தியது. இளையராஜா நினைத்திருந்தால் பழகிய குரல்களில் ஒன்றை எடுத்திருக்கலாம். இந்தக் குரலுக்கு என்றே இடம் விட்டு அமைத்தது போல இருக்கும் அந்த மெட்டு. இருவரும் இன்னும் பத்துப் பாட்டாவது சேர்ந்து செய்திருக்கலாம் என்ற ஏக்கம் ரசிகர்களுக்கு உண்டு. 2010இல் கமல்ஹாசனின் 'மன்மதன் அம்பு' படத்தில் மாதவனின் தாயாக நடித்தார். அதற்கு முன் 2006இல் மம்மூட்டியோடு மலையாளத்தில் 'போத்தன் வாவா'.

அவர் திறந்த வழியில் தமிழிலும் ஆட்கள் வந்தார்கள். சென்னை விடுதி மேடைகளில் பாடித் தேர்ந்த மால்குடி சுபா, 1990களில் 'வால்பாறை வட்டப்பாறை' பாட்டோடு தமிழ்ப் பாப் பாடகியாக அறியப்பட்டார். அதே கனத்த குரல், அதே மேடைப் பயிற்சி. இந்தியில் 1995இல் அலிஷா சினாயின் 'மேட் இன் இந்தியா' சந்தையைப் பிளந்தது. அதற்கும் இசை பித்துவே. மலேசியாவில் நடந்தது வேறு தடம். கோலாலம்பூரின் போயட்டிக் அம்மோ ராப் குழு 1998இல் முதல் தொகுப்பைக் கொண்டு வந்தது. அதிலிருந்த யோகி பி, 2006இல் நட்சத்ராவோடு 'வல்லவன்' தொகுப்பை வெளியிட்டு, 'மடை திறந்து' பாட்டைச் சென்னைக்கே ஏற்றுமதி செய்தார். இவர்களுக்கு உஷா நேரடி முன்னோடி என்று சொல்வது மிகை. ஆனால் சினிமாவின் அனுமதிச் சீட்டு இல்லாமல் தனிப்பாடகராக நிற்கலாம் என்ற நம்பிக்கை முதலில் பிறந்த இடங்களில் மவுண்ட் ரோட்டின் அந்தச் சின்ன விடுதியும் ஒன்று.

அங்கீகாரம் தாமதமாக வந்தது. இந்திய அரசு 2011இல் பத்மஸ்ரீ வழங்கியது. அதே ஆண்டு விஷால் பரத்வாஜின் 'சாத் கூன் மாஃப்' படத்தில் ரேகா பரத்வாஜோடு 'டார்லிங்' பாடினார். 'கலின்கா' என்ற ரஷ்ய நாட்டுப் பாட்டின் மெட்டைத் தழுவியது அது. படத்தில் சிறு வேடமும் உண்டு. அதற்காக 2012இல் இருவரும் சிறந்த பின்னணிப் பாடகிக்கான ஃபிலிம்ஃபேர் விருதைப் பகிர்ந்துகொண்டபோது உஷாவுக்கு வயது அறுபத்து நான்கு. நாசியா பதினைந்து வயதில் வாங்கிய அதே விருது. விகாஸ் குமார் ஜா இந்தியில் எழுதிய 'உல்லாஸ் கி நாவ்' என்ற வாழ்க்கை வரலாறு பின்னர் ஆங்கிலத்திலும் வந்தது. 2024இல் பத்மபூஷண் அறிவிக்கப்பட்டது. அந்த ஆண்டு ஜூலையில் கணவர் ஜானி கல்கத்தாவில் காலமானார்.

மேடையை அவர் விடவில்லை. பட்டுப்புடவையின் அடியில் இப்போது தெரிவது விளையாட்டுக் காலணி. புடவைத் துணியிலேயே தைத்தது, கரையோடு. மணிக்கணக்கில் நின்று பாடுபவருக்குக் கால் முக்கியம். ஆங்கிலத்தில் அடேல் பாடிய ஜேம்ஸ் பாண்ட் பாட்டையும் மைலி சைரஸின் பாட்டையும் தன் சுருதிக்கு இறக்கி அவர் பாடும் காட்சிகள் கைப்பேசிகளில் சுற்றுகின்றன. பகிர்பவர்களில் பெரும்பாலோர் அவருக்குப் பேத்தி வயதுக்காரர்கள்.